மயனும் மாயரும்

இருபத்தேழு ஆண்டுகள் யாழ்ப்பாணத்துக் கல்லூரியொன்றிற் சரித்திரம் கற்பித்தவன் நான். அக்காலம் முழுவதும், ஆண்டுக்கு ஒருமுறை, எட்டாம் வகுப்பு மாணவர்க்கு ஒரு வாக்கியத்தைத் தவறாது சொல்லி வந்தேன். "மத்திய அமெரிக்காவில் மாயர் என்றொரு மக்கட்கூட்டத்தார் பெருநகரங்களை அமைத்து வாழ்ந்தனர், பின்னர்க் காரணம் தெரியாமல் மறைந்து போயினர்" என்பதே அவ்வாக்கியம். "எங்கே மறைந்தார்கள், சேர்?" என்று கேட்ட பையன்களும் உண்டு. "அதுதான் சரித்திரத்தின் மர்மம்" என்று கூறிவிட்டு அடுத்த பாடத்துக்குச் சென்றுவிடுவேன். அந்த விடையில் எனக்கே ஒரு சுவை இருந்தது என்பதை இன்று ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். மர்மம் என்ற சொல் வகுப்பை அமைதிப்படுத்தும் ஆற்றல் வாய்ந்தது.

வகுப்புக்கு வெளியே, இலக்கிய வட்டத்து மாலைக் கூட்டங்களில், இதற்கு நேர்மாறான வேறொரு கதையைக் கேட்டுத் தலையசைத்ததும் உண்டு. மாயர் மறையவில்லை, அவர்கள் நம்மவரே, மயன் என்னும் தெய்வத்தச்சன் வழிவந்தோரே, பெயரே அதற்குச் சான்று என்பது அக்கதை. பாண்டவர்க்கு மண்டபம் சமைத்தவன் மயன். மண்டோதரிக்குத் தந்தையும் அவனே. ஆகவே இலங்கைக்கு அவன் சம்பந்தி முறை என்று ஒருவர் சொல்ல, அவையினர் கைதட்டிய மாலையொன்று எனக்கு நினைவிருக்கிறது. நானும் தட்டினேன். மறுத்துப் பேச என்னிடம் ஆதாரம் இருக்கவில்லை. பேசினால் நண்பர்கள் முகம் கோணுவர் என்ற அச்சமும் இருந்தது.

சென்ற மார்கழியில் ஒருநாள், காலை ஆறரை மணிக்கு ஒரு பஸ் வண்டியில் ஏறி இரவு திரும்பி வந்தபோது, இவ்விரண்டு கதைகளும் பிழை என்ற தெளிவோடு வந்தேன். வேறுவேறு பிழைகளாகத் தோன்றும் இவை ஒரே பிழையின் இரண்டு கிளைகள் என்பதும் என் அபிப்பிராயம். அதனை எழுதுவதற்கே இக்கட்டுரை.

என் மகள் குடும்பத்துடன் ரொறன்ரோவில் வாழ்கிறாள். பனிக்காலத்தில் அந்நாட்டவர் வெயிலைத் தேடித் தெற்கே போவது வழக்கம். அவ்வாறு போகும் இடங்களுள் ஒன்று மெக்சிக்கோவின் கிழக்குக் கரையிலே, யுக்கற்றான் தீபகற்பத்தில் உள்ள கன்கூன். அது 1970களில் அந்நாட்டு அரசு திட்டமிட்டு எழுப்பிய நகரம். ஹொட்டேல்களும் மணலும் கடலுமே அங்குள்ளவை. மகளும் மருமகனும் மணலிற் கிடந்து இளைப்பாற விரும்பினர். எனக்கு அது ஒரு நாளுக்கு மேல் இயலவில்லை. பதினொரு வயதுப் பேர்த்தியை அழைத்துக்கொண்டு, மாயரின் பழைய நகரங்களுள் ஒன்றாகிய சிச்சென் இற்சாவுக்கு வழிகாட்டியுடன் போய்வரும் ஒருநாட் பிரயாணத்துக்குப் பணம் கட்டினேன். செய்தியறிந்த ஊர் நண்பரொருவர் தொலைபேசியில் அழைத்து, "மயன் கைவேலையைப் படம் எடுத்து அனுப்பும், யாளியோ கலசமோ கட்டாயம் இருக்கும், வடிவாய்ப் பாரும்" என்று பணித்தார்.

வழிகாட்டியின் பின்னாற் கொடிபிடித்துச் செல்லும் பிரயாணங்களை இகழ்ந்து பேசுவது படித்தோரிடையே ஒரு நாகரிகம். நான் இகழமாட்டேன். குறைகள் இருந்தன. ஐந்தாறு ஹொட்டேல் வாசல்களிற் பிரயாணிகளைப் பொறுக்குவதிலேயே ஒன்றரை மணிநேரம் கழிந்தது. போகும் வழியில் ஒரு பெரிய கடையில் இறக்கி, மாயா எழுத்திற் பெயர் பொறித்த வெள்ளித் தகடுகளை விற்க முயன்றனர். இருநூறு கிலோமீற்றர் பயணத்தின் முடிவில் இடிபாடுகளைக் காண்பதற்குக் கிடைத்த நேரம் கடையிற் கழிந்த நேரத்தைவிடச் சிறிதே அதிகம். ஆயினும் அந்த வழிகாட்டி இல்லாவிட்டால் நான் கல்லைப் பார்த்துவிட்டுக் கல்லாகவே திரும்பியிருப்பேன்.

அவர் நாற்பது வயது மதிக்கத்தக்கவர். குள்ளமான, உறுதியான உடல். நம் வயல்வெளிகளிற் காணும் நிறம். இடிபாடுகளை அடுத்த பிஸ்தே என்னும் கிராமத்திற் பிறந்தவராம். பஸ் புறப்பட்டதும் ஒலிவாங்கியைக் கையில் எடுத்து, மாயா மொழியிற் காலை வணக்கம் சொல்லக் கற்றுக்கொடுத்தார். "மாலோப் கீன்" என்று நாற்பது பேர் ஒருமித்துக் கூவினோம். மாகாண எல்லையைத் தாண்டியதும் கடிகாரத்தை ஒருமணி நேரம் பின்தள்ளச் சொன்னார். கன்கூன் அமைந்த மாகாணத்தின் நேரம் ஒன்று, யுக்கற்றான் மாகாணத்தின் நேரம் வேறொன்று. "உங்களுக்கு ஒருமணி நேரம் இனாம், மாலையில் திருப்பி வாங்கிக்கொள்வோம்" என்று சிரித்தார்.

சிச்சென் இற்சாவை விபரிப்பதற்கு நிறைய நூல்கள் உண்டு, சுருக்கமாகவே சொல்கிறேன். காட்டுவழியே நடந்து வெளியில் வந்ததும் குக்குல்கான் கோயில் திடீரென்று எதிரே நிற்கிறது. ஒன்பது அடுக்குகள் கொண்ட கற்கூம்பு. உச்சிக் கோயிலோடு சேர்ந்து முப்பது மீற்றர் உயரம். நாற்புறமும் படிகள், பக்கத்துக்கு 91 ஆக 364, உச்சித்தளத்தையும் கூட்டினால் 365. ஆண்டின் நாட்களைக் கல்லிலே அடுக்கியிருக்கிறார்கள். இரவும் பகலும் சமமாகும் பங்குனி, புரட்டாதி நாட்களில் மாலை வெயில் விழும்போது, வடபுறப் படிவரிசையின் ஓரத்தில் நிழல் முக்கோணங்கள் தோன்றி, அடியிலுள்ள பாம்புத் தலையோடு சேர்ந்து, பெரும் பாம்பொன்று இறங்கி வருவது போற் காட்டுமாம். நாங்கள் போனது மார்கழி. ஆகவே வழிகாட்டியின் கைத்தொலைபேசியில் அப்பாம்பைக் கண்டோம். 2006ஆம் ஆண்டுக்குப் பிறகு படிகளில் ஏற எவரையும் விடுவதில்லை. கோயிலின் முன் நின்று கைதட்டினால், கெற்சால் என்னும் பறவையின் கீச்சொலி போன்ற எதிரொலி படிகளிலிருந்து திரும்பி வருகிறது. வழிகாட்டி தட்டினார், நாங்களும் தட்டினோம், நாற்பது பறவைகள் கீச்சிட்டன. கட்டியவர்கள் அறிந்து செய்தனரா, தானாய் அமைந்ததா என்பதைப் பற்றி அறிஞர் வாதிடுகின்றனர். பேர்த்திக்கு அந்த வாதம் தேவைப்படவில்லை. கை சிவக்கும் வரை தட்டினாள்.

168 மீற்றர் நீளமான பந்தாட்டக் களத்தையும், மண்டையோடுகளை வரிசை வரிசையாகச் செதுக்கிய மேடையையும் காட்டிவிட்டு, ஒரு மரநிழலில் எங்களை நிறுத்தி, வழிகாட்டி குரலைத் தாழ்த்திக்கொண்டார். "இத்தனை பெரிய நாகரிகம் ஒருநாள் மறைந்துபோயிற்று. மாயர் எங்கே போயினர் என்பது இன்றும் எவர்க்கும் தெரியாத மர்மம்" என்றார். என் வாக்கியம்! இருபத்தேழு ஆண்டுகள் நான் சொன்ன அதே வாக்கியத்தை, அதே இடத்திற் குரலைத் தாழ்த்தி, பூமியின் மறுகோடியில் ஒருவர் சொல்லக் கேட்டபோது எனக்கு ஒரு தொழிற்பாசம் பிறந்தது. அப்போது பேர்த்தி ஆங்கிலத்தில் உரத்துக் கேட்டாள்: "அவர்கள் மறைந்துவிட்டார்கள் என்றால் நீங்கள் யார்?"

கூட்டத்தினர் சிரித்தனர். வழிகாட்டியும் சிரித்தார், ஆனால் உடனே விடை சொல்லவில்லை. மற்றவர்கள் படம் எடுக்கக் கலைந்த பின்னர் எங்கள் அருகே வந்தார். வீட்டிலே தாயாரோடு மாயா மொழியிலேயே பேசுவதாகக் கூறினார். பின் ஏன் மறைந்தார்கள் என்கிறீர் என்று கேட்டேன். "வருகிறவர்கள் மர்மத்தைத் தேடி வருகிறார்கள். மழை பெய்யவில்லை, சண்டை வந்தது, அரசர் வீழ்ந்தனர், ஆட்கள் வேறிடம் போயினர் என்றால் மாலையில் உண்டியல் நிறையாது" என்றார். பிறகு, "மறைந்தவர்கள் அரசர்கள். சோளம் விதைத்தவர்கள் மறையவில்லை" என்று சேர்த்துச் சொன்னார்.

அவர் சொன்ன சுருக்கம் ஆராய்ச்சியாளர் சொல்வதோடு பெரிதும் ஒத்துப்போகிறது. கி.பி. ஒன்பதாம் நூற்றாண்டளவில், தெற்கே காட்டுப் பகுதிகளிலிருந்த மாயப் பெருநகரங்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் கைவிடப்பட்டன. ஏரிகளின் அடிச்சேற்றையும் குகைகளின் சுண்ணப் படிவுகளையும் ஆராய்ந்தோர் அக்காலத்தில் நெடிய வரட்சிகள் வந்தன என்கின்றனர். ஓயாத போரும் நடந்தது. ஆனால் அந்த நகரங்கள் பாழான காலத்திலேதான் வடக்கே சிச்சென் இற்சா ஓங்கியது. அதுவும் தாழ்ந்தபின் வேறு நகரங்கள் எழுந்தன. பதினாறாம் நூற்றாண்டில் ஸ்பானியர் வந்தபோது வெறுங்காட்டையா கண்டனர்? தம்மை ஆண்டுக்கணக்காக எதிர்த்துப் போராடிய மாயக் குடிகளையே கண்டனர். கடைசி மாய அரசு, இன்றைய குவாத்தமாலாவில் ஏரித் தீவொன்றில் இருந்த நொஹ்பெத்தேன், 1697இலேதான் வீழ்ந்தது. ஹாவார்ட் சர்வகலாசாலை நிறுவப்பட்டு அப்போது அறுபத்தொரு ஆண்டுகள். இன்னும் அண்மையாகச் சொல்வதானால், யாழ்ப்பாண இராச்சியம் போர்த்துக்கேயரிடம் வீழ்ந்த 1619க்கு எழுபத்தெட்டு ஆண்டுகள் பின்னர். நல்லூரில் அரசு அழிந்த நாளோடு யாழ்ப்பாணத்தார் மறைந்து போயினர் என்று எவரேனும் எழுதினால் நாம் அதனைச் சரித்திரம் என்று ஏற்போமா? அந்த அநியாயத்தைத்தான் நான் இருபத்தேழு ஆண்டுகள் பிறர்க்குச் செய்தேன்.

அதற்குப் பின்னரும் அவர்கள் சும்மா இருந்தவர்களல்லர். 1847இல் வல்லடோலிட் என்னும் ஊரில் மாயத் தலைவரொருவர் கொல்லப்பட்டதைத் தொடர்ந்து மூண்ட கிளர்ச்சி, 1901இல் மெக்சிக்கோப் படை அவர்களின் தலைநகரைக் கைப்பற்றும் வரையும் ஐம்பது ஆண்டுகளுக்கு மேல் நீடித்தது. எங்கள் பஸ் புறப்பட்ட மாகாணமே அக்கிளர்ச்சிக்காரரின் கோட்டையாய் இருந்த நிலம். இதைப்பற்றி ஒலிவாங்கியில் ஒரு சொல்லும் வரவில்லை. பழைய மாயரைப் பற்றிப் பேசலாம்; துவக்குப் பிடித்த மாயரைப் பற்றிப் பேசினால் உல்லாசப் பிரயாணிகளின் உல்லாசம் கெட்டுவிடும் போலும்.

கோயிலிலிருந்து வடக்கே ஒரு பாதை புனிதக் கேணிக்குச் செல்கிறது. இருமருங்கும் பிஸ்தேயிலிருந்தும் அயலூர்களிலிருந்தும் வந்த வியாபாரிகள்; மரமுகமூடிகள், புலியுறுமும் ஊதுகுழல்கள். "ஒரு டொலர், ஒரு டொலர்" என்ற கூவலுக்கிடையே நடந்து கேணியின் விளிம்பை அடைந்தோம். ஏறத்தாழ அறுபது மீற்றர் அகலம். செங்குத்தான பாறைச் சுவர். கீழே பச்சைநிறத் தண்ணீர். சி என்றால் வாய், சென் என்றால் கிணறு. இற்சா என்ற குலத்தாரின் கிணற்றுவாய் என்பதே ஊர்ப் பெயரின் பொருள். (சென் என்பதற்கும் நமது சுனைக்கும் உறவு கற்பிக்க இவ்வாரமே ஒருவர் எழுதத் தொடங்குவார், தயவுசெய்து வேண்டாம்.)

அக்கேணியைப் பார்த்தபோது எனக்கு அந்நியம் தோன்றவில்லை. யுக்கற்றானின் வடபகுதி முழுதும் சுண்ணாம்புக்கற் பாறை. மேலே மெல்லிய செம்மண். ஓடும் ஆறு ஒன்றேனும் இல்லை. பெய்த மழை பாறை வெடிப்புகளிற் புகுந்து நிலத்தடியே ஓடுகிறது. பாறை இடிந்து விழுந்த இடங்களிற் கேணி திறக்கிறது. கரையோரக் கேணிகளில் மேலே நன்னீரும் ஆழத்தில் உவர்நீரும் நிற்கும். நிலாவரைக் கேணியை எட்டிப் பார்த்து வளர்ந்தவனுக்கு இதை விளக்கவும் வேண்டுமோ? ஆறில்லாத சுண்ணக்கல் நாட்டிற் கிணறே வாழ்வு. ஆகவே கிணற்றருகே தெய்வமும் வந்துவிடும். ஒரே வகையான மண் ஒரே வகையான வழக்கங்களை வளர்க்கலாம் என்ற இந்தச் சிறிய உண்மையை வாசகர் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும், பின்னர்த் தேவைப்படும்.

மழைத்தெய்வத்துக்கு அழகிய கன்னிப்பெண்களை இக்கேணியில் எறிந்தனர் என்று வழிகாட்டி சொன்னார். எல்லா வழிகாட்டிகளும் அதையே சொல்கிறார்களாம். எட்வேட் தொம்சன் என்ற அமெரிக்கக் கொன்சல் 1894இல் இந்நிலத்தையே விலைக்கு வாங்கி, 1904 தொடக்கம் கேணியைத் தூர்வாரி, பொன்னும் பச்சைக்கல்லும் எலும்புகளும் எடுத்து ஹாவார்ட் நூதனசாலைக்கு அனுப்பினார். ஒரு பகுதி நெடுங்காலத்தின் பின்னரே திரும்பி வந்தது. கன்னியர் கதையை உலகமெங்கும் பரப்பியவர்களுள் அவரும் ஒருவர். எலும்புகளை ஆராய்ந்தபோது ஆண்களும் பெண்களும் சிறுவர்களுமாய் எல்லா வகையினரும் இருந்தனர். அண்மையிலே, 2024இல், நேச்சர் என்னும் விஞ்ஞான சஞ்சிகையில் வெளிவந்த ஆராய்ச்சியொன்று இதனினும் முக்கியமானது. கேணிக்கு அருகே நிலத்தடித் தொட்டியொன்றில் 1967இற் கண்டெடுத்த சிறுவரின் எலும்புகளுள் 64 பேருடையவற்றின் மரபணுவை அறிந்து பார்த்தனர். அத்தனை பேரும் ஆண்பிள்ளைகள். அவர்களுள் இருசோடி ஒத்த இரட்டையர். பலியிட்டனர் என்ற கொடுமையை இதனால் மறைக்க இயலாது. நான் மறைக்கவும் விரும்பவில்லை. ஆனால் அந்த ஆராய்ச்சியாளர் இன்னொன்றும் செய்தனர். யுக்கற்றானில் இன்று வாழும் மாயக் கிராமமொன்றின் மக்கள் இசைந்து அளித்த மரபணுவோடு அவ்வெலும்புகளை ஒப்பிட்டனர். தொடர்ச்சி தெளிவாகத் தெரிந்தது. தொட்டியிற் கிடந்த பிள்ளைகளுக்கு ஆயிரம் ஆண்டுகளின் பின்னும் உறவினர் இருக்கின்றனர்.

பகற்போசனத்துக்கு ஒரு கொட்டகையில் அமர்ந்தோம். மேசைமேல் அபனேரோ என்ற மிளகாயைக் கரைத்த சாந்து இருந்தது. "கவனம்" என்றார் வழிகாட்டி. யாழ்ப்பாணத்தானிடமா சொல்கிறீர் என்று ஒரு கரண்டி எடுத்தேன். கண்ணீர் நின்றதும்தான் எனக்கு அறிவு பிறந்தது. நண்பருக்குச் சொல்ல வேண்டிய விடையும் அந்த மிளகாயிலேயே இருந்தது.

மிளகாய் இந்த நாட்டுப் பயிர். மெக்சிக்கோவிலும் அதன் அயலிலும் பல்லாயிரம் ஆண்டுகளாகப் பயிரிடப்பட்டது. கொலம்பஸ் 1492இற் கடல் கடந்த பின்னர், போர்த்துக்கேயர் கப்பல்களில் நம் பக்கம் வந்தது. அதற்கு முன் நம்மவர்க்கு உறைப்பு என்றால் மிளகும் திப்பிலியும் இஞ்சியுமே. பெயரையே பாருங்கள்: மிளகைப் போல உறைக்கும் காய் மிளகாய். புதிதாய் வந்த பொருளுக்குப் பழைய பொருளின் பெயரை ஒட்டவைத்திருக்கிறோம். பப்பாசியும் கொய்யாவும் மரவள்ளியும் அமெரிக்காவிலிருந்து வந்தவையே. யாழ்ப்பாணத்தானைப் பணக்காரனாக்கிய புகையிலையும் அவ்வாறே. மயன் வழியினர் ஈராயிரம், மூவாயிரம் ஆண்டுகளுக்கு முன் மரக்கலமேறிப் போய்வந்தது மெய்யானால், ஒரு மிளகாய் விதையையேனும் மடியிற் கட்டிக்கொண்டு திரும்ப மாட்டார்களா? சங்கச் செய்யுளில் மிளகு மணக்கிறது; மிளகாய் எங்கே? போகும்போதும் ஏன் வெறுங்கையோடு போயினர்? மாயரிடம் நெல் இல்லை, பசு இல்லை, இரும்பு இல்லை. பாரம் இழுக்கும் வண்டிச் சக்கரமும் இல்லை. சிற்பசாத்திரத்தை மட்டும் கொண்டுபோய் உளியை வீட்டில் மறந்துவிட்டுப் போன தச்சனை நான் கேள்விப்பட்டதில்லை.

இக்கொள்கையினர் காட்டும் சான்றுகளுள் வலியது ஒன்றுண்டு. அதனை ஒளிப்பது நேர்மையன்று. மாயரின் நெடுங்கணக்கு கி.மு. 3114இல் தொடங்குகிறது. நமது கலியுகம் கி.மு. 3102. பன்னிரண்டு ஆண்டுகளே இடைவெளி! கேட்டவுடன் மெய்சிலிர்க்கும். ஆயினும் இரண்டும் பிற்காலக் கணிதர் பின்னோக்கி எண்ணி நாட்டிய தொடக்கங்கள். அந்நெடுங்கணக்கைப் பொறித்தனவாய்க் கிடைத்த மிகப் பழைய கற்களே கி.மு. முதலாம் நூற்றாண்டின. ஒன்றின் முறை இருபது இருபதாய் அடுக்குவது. மற்றதன் முறை கோள்களின் சேர்க்கையைக் கொண்டு கணிப்பது. இருவரும் சுழியத்தைக் கண்டனர் என்பதும் அவ்வாறே. இருவேறு மக்கள் தத்தம் அறிவால் ஒன்றைக் கண்டனர் என்பதில் நமக்கு என்ன குறை வந்துவிடுகிறது? கேணியருகே சொன்ன சுண்ணக்கல் உண்மையை இங்கே நினைக்க வேண்டுகிறேன். ஒப்புமை கண்ட இடமெல்லாம் உறவு கொண்டாடுவதாயின், நிலாவரையைத் தோண்டியவரும் மாயரென்று அவர்கள் சொல்லலாமே, நாம் விடுவோமா?

மாயர் மறைந்தனர் என்போர் அவர்களின் கட்டடங்களை உரிமையாளர் இல்லாத சொத்தாக்குகின்றனர். மயன் கட்டினான் என்போர் அச்சொத்துக்குத் தாமே உறுதி எழுதிக்கொள்கின்றனர். உண்மையான உரித்தாளி வாசலில் நின்று ஊதுகுழல் விற்கிறான்.

நம்மவர்க்கும் மாயர்க்கும் இடையே மெய்யான ஓர் இழை உண்டு. அதனை நம் கூட்டங்களில் எவரும் பேசுவதில்லை. ஆகையால் நான் சொல்கிறேன். 1562 யூலை 12ஆந் திகதி, மனீ என்னும் ஊரில், தியேகோ டி லாண்டா என்ற ஸ்பானியப் பாதிரியார் மாயரின் ஏடுகளைக் குவித்துத் தீயிட்டார். உலகில் இன்று எஞ்சியுள்ள மாயச் சுவடிகள் நான்கே. (1981இல் எங்கள் நூலகம் எரிந்த இரவை அறிந்தவன் இந்த வாக்கியத்தை எழுதும்போது கை சிறிது தயங்குகிறது.) அதே லாண்டா, பின்னர் யுக்கற்றானைப் பற்றி எழுதிய நூலில், மாயரின் "நெடுங்கணக்கு" என்று சில குறிகளையும் எழுதிவைத்தார். அவர் ஸ்பானிய எழுத்துகளின் பெயரைச் சொல்லச் சொல்ல, மாயரொருவர் அந்த ஒலிக்குரிய குறியை எழுதிக் கொடுத்திருக்கிறார். முந்நூறு ஆண்டுகளுக்கு மேல் அது எவர்க்கும் பயன்படவில்லை. 1952இல், யூரி நொரோசொவ் என்ற சோவியத் அறிஞர், மாய நிலத்தைக் கண்ணாலும் காணாமல், அதன் பூட்டைத் திறந்தார். அவை தனியெழுத்துகளல்ல, நம் உயிர்மெய் போல மெய்யும் உயிரும் சேர்ந்த ஒலிக்குறிகள் என்றார் அவர். சுவடியிலே வான்கோழிப் படத்தின் மேல் இரண்டு குறிகள்: கு, ட்சு. மாயா மொழியில் வான்கோழிக்குப் பெயர் குட்ஸ். நாய்ப் படத்தின் மேலும் இரண்டு: ட்சு, லு. நாய்க்கு ஒரு பெயர் ட்சுல். இருசொற்களிலும் ட்சு ஒன்றே. தமிழ்ப் பாலர் வகுப்பு ஆசிரியர் எவர்க்கும் இது உடனே விளங்கும். ஆனால் எரிக் தொம்சன் என்ற ஆங்கிலேயப் பேரறிஞர், கொன்சலுக்கு உறவில்லாதவர், 1975இல் இறக்கும் வரை அதனை ஏற்கவில்லை; அவர் செல்வாக்குக்கு அஞ்சிப் பலரும் வாயடைத்திருந்தனர். அறிஞர்க்கு அஞ்சி வாயடைத்தலை நானும் அறிவேன்.

குட்ஸ் என்றால் வான்கோழி என்பது நொரோசொவுக்கு எப்படித் தெரிந்தது? அம்மொழி அகராதிகளில் இருந்தது. பேசும் வாய்களிலும் இருந்தது. மக்கள் மறைந்திருந்தால் எழுத்தும் ஊமையாகவே கிடந்திருக்கும். சிந்துவெளி முத்திரைகள் இன்றும் நம்மை நோக்கி ஊமையாய் நிற்பது போல. அந்த முத்திரைகளின் மொழி திராவிட மொழிகளின் அமைப்பை ஒத்தது என்று 1960களிற் கணிப்பொறி கொண்டு ஆராய்ந்து கூறிய சோவியத் குழுவுக்குத் தலைவராய் இருந்தவரும் இதே நொரோசொவ்தான். அது முடிந்த முடிபன்று, ஆயினும் ஆராய்ச்சி. உறவு கொண்டாட விரும்பும் நண்பர்கள் மயனை விட்டுவிட்டு இவர் படத்தைச் சபையில் மாட்டலாம்.

திரும்பும் வழியில் வல்லடோலிட்டில் அரைமணி நேரம் நிறுத்தினர். 1847இன் ஊர் என்று மேலே சொன்னேனே, அதுவே. தேவாலயத்துக்கு எதிரே உள்ள பூங்காவில், வெள்ளைச் சட்டையிற் பூத்தையல் போட்ட ஹுயிப்பில் உடுத்த பெண்கள் கைக்குட்டைகள் விற்றுக்கொண்டிருந்தனர். பேர்த்தி வகுப்புத் தோழிகளுக்காக ஏழு கைக்குட்டைகள் தெரிந்தாள். முதியவளொருத்தி அவற்றை மடித்து அடுக்கியபடி வாய்க்குள் எண்ணினாள்: "ஹும்பேல், காப்பேல், ஓஷ்பேல், கம்பேல்." ஐந்தாவது கைக்குட்டை வந்ததும், "சிங்கோ, செயிஸ், சியெத்தே." நான்கு வரையும் மாயா, அதன்மேல் ஸ்பானிய மொழி. நான் பிழையாகக் கேட்டேனோ என்று வழிகாட்டியை வினவினேன். இல்லை, எங்கள் ஊர்களில் இன்று அப்படித்தான் எண்ணுகிறார்கள் என்றார். மாயர் எண்ணெழுதும் முறையில் ஒன்று முதல் நான்கு வரை புள்ளிகள். ஐந்துக்கு ஒரு கோடு. புள்ளிகள் பிழைத்திருக்கின்றன, கோட்டோடு வேற்றுமொழி வந்துவிட்டது. 2020ஆம் ஆண்டுக் குடிசனமதிப்பின்படி மெக்சிக்கோவில் இம்மொழி பேசுவோர் ஏழு இலட்சத்து எழுபதினாயிரத்துக்கு மேல். மறைந்த மக்கள்! மர்மம் என்று அவர்களுக்குப் பெயர் சூட்டி உண்டியல் நிரப்பும் உலகம், ஐந்தாவது எண் எங்கே போயிற்று என்று கேட்பதில்லை.

என் பழைய மாணவர் சிலர் இன்று ஆசிரியர்கள். அவர்கள் இதனை வாசித்தால், நான் சொல்லிக்கொடுத்த வாக்கியத்தை அவர்கள் தம் மாணவர்க்குச் சொல்லாதிருக்க வேண்டுகிறேன். நண்பருக்கு யாளிப் படம் அனுப்பவில்லை. முதியவளின் கைக்குட்டைகளைப் படம் எடுத்து அனுப்பினேன். அவரிடமிருந்து இன்னும் பதில் வரவில்லை.

இருட்டிய பின் பஸ் எண்ணெய் நிரப்ப நின்றது. வழிகாட்டி இறங்கிப் போயிருந்தார். பேர்த்தி சாரதியின் அருகே சென்று, விரல்களை மடக்கி, "ஹும்பேல், காப்பேல், ஓஷ்பேல், கம்பேல்" என்று எண்ணிக் காட்டி, பெருவிரலை நீட்டியபடி நின்றாள். நாள் முழுதும் வாய்திறவாத அம்மனிதர் சிறிது நேரம் அவ்விரலைப் பார்த்தார். "ஹோப்பேல்" என்றார். ஆறு என்ன என்று அவள் மற்றக் கையை எடுத்தாள். அவர் தலையை அசைத்து, ஸ்பானிய மொழியில் ஏதோ சொன்னார். வழிகாட்டி திரும்பி வந்ததும் அதன் பொருளைக் கேட்டோம். தன் பாட்டிக்குத் தெரியும் என்றாராம். ஞாயிற்றுக்கிழமை ஊருக்குப் போகும்போது கேட்டு வருவாராம்.